ஒதுக்கீட்டு இடமும் அத்தாட்சிப் பத்திரமும்

இந்தியாவில் மருத்துவக் கல்லூரி இட ஒதுக்கீடு பற்றிய விவாதம் பெரும்பாலும் எத்தனை இடங்கள் என்னும் எண்ணிக்கையைச் சுற்றியே நிகழ்ந்து வந்துள்ளது. அவ்விடத்துக்கு உரியவர் யார் என்பதை எவ்வாறு நிறுவுவது என்னும் வினா அத்துணைக் கவனம் பெற்றதில்லை. ஆயினும், பல மாணவரின் எதிர்காலத்தை நிர்ணயித்தது இவ்விரண்டாவது வினாவேயாகும்.

சென்னை மாகாணத்தின் வகுப்புவாரி ஆணை செல்லாதென 1951 ஏப்பிரலில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அவ்வாண்டிலேயே அரசியல் யாப்புத் திருத்தப்பட்டு, 15ஆம் உறுப்புரையில் நான்காம் பிரிவு சேர்க்கப்பட்டது. கல்லூரி ஒதுக்கீட்டுக்கு இது அடிப்படையாயிற்று. அட்டவணைப் பழங்குடியினர் யாவர் என்பதை 342ஆம் உறுப்புரையின் கீழ்க் குடியரசுத் தலைவர் மாநிலந்தோறும் அறிவிப்பார். முதற்பட்டியல் 1950இல் வெளிவந்தது. எனவே, தன் குடியின் பெயர் பட்டியலில் உள்ளதென்பதையும் தான் அக்குடியைச் சேர்ந்தவர் என்பதையும் மாணவர் காட்டவேண்டியிருந்தது.

'மாநிலந்தோறும்' என்னும் சொல்லின் கடுமை 1990இல் புலனாயிற்று. ஆந்திரத்திற் பழங்குடியாக அறிவிக்கப்பட்ட சமூகமொன்றிற் பிறந்து, சிறுவயதிலேயே தந்தையுடன் பம்பாயிற் குடியேறிய மாணவரொருவர் அங்கு மருத்துவக் கல்வியில் ஒதுக்கீட்டிடம் கோரினார். பிறந்த மாநிலத்தின் அத்தாட்சிப் பத்திரம் அவரிடம் இருந்தது. எனினும், அச்சமூகம் மகாராட்டிரப் பட்டியலில் இல்லை. ஆதலால் அப்பத்திரம் அங்குப் பயன்படாதென உச்ச நீதிமன்றம் கூறிற்று.

மகாராட்டிரத்திற்குள்ளேயே வேறொரு சிக்கல் இருந்தது. பல குடிகள் குறித்த சில பகுதிகளில் மட்டுமே பழங்குடியாகக் கருதப்பட்டுவந்தன. 1976ஆம் ஆண்டுச் சட்டம் இவ்வெல்லைக் கட்டுப்பாட்டை நீக்கியது. அதன்பின், பெயரொற்றுமையுடைய பிற சமூகத்தாரின் கோரிக்கைகளும் பெருகின. இவற்றுள் முக்கியமானது 1994 செப்டெம்பரில் முடிவுற்ற வழக்கு. இரு சகோதரியர் தம்மை மகாதேவ் கோலி என்னும் பழங்குடியினராகக் கூறி மருத்துவத்திலும் பல் மருத்துவத்திலும் இடம்பெற்றிருந்தனர். தந்தையின் பள்ளிப் பதிவோ இந்து கோலி என்றிருந்தது. கோரிக்கை நிராகரிக்கப்பட்டது. படிப்பை முடிக்கும் நிலையிலிருந்தவர் இறுதித் தேர்வு எழுத அனுமதிக்கப்பட்டார். மற்றவர் அத்தகுதியில் தொடர இயலவில்லை.

அத்தீர்ப்பு வகுத்த நடைமுறை குறிப்பிடத்தக்கது. பெற்றோர் தம் குடி, பூர்வீக ஊர் முதலியவற்றைச் சத்தியக் கடதாசி மூலம் தெரிவித்தல் வேண்டும். சரிபார்க்கும் விண்ணப்பம் அனுமதிக்கு ஆறு மாதங்களுக்கு முன்னரே செய்யப்படல் வேண்டும். விசாரணை அதிகாரி ஊருக்குச் சென்று பள்ளிப் பதிவுகளையும் பிறப்புப் பதிவுகளையும் நோக்குவார். அத்துடன், குலதெய்வம், திருமண முறை, ஈமச் சடங்கு ஆகியவற்றையும் வினவுவார்.

பொய்ப் பத்திரத்தாற் பெற்ற கல்விக்கு நேர்வது யாதென்பதில் நீதிமன்றம் ஒரே நிலையில் நிற்கவில்லை. 1985-86இல் அனுமதி பெற்று மருத்துவரான ஒருவரின் கோரிக்கையை 2000 நவம்பரில் மறுத்த நீதிபதிகள், பொதுப்பணம் செலவாகிவிட்டதைக் கருதி அவரது பட்டத்தைப் பறிக்கவில்லை. 2017இலோ, இத்தகைய சலுகை பொதுவிதியாகாதென்றும் பெற்ற பயன் திரும்பப் பெறப்படவேண்டுமென்றும் தீர்ப்பாயிற்று.

இக்கண்டிப்புக்குத் தக்க காரணம் உண்டு. பொய்யாகக் கவரப்படும் ஒவ்வோரிடமும் உண்மைப் பழங்குடி மாணவர் ஒருவர் இழந்த இடமாகும். ஆனால் சோதனையின் சுமையும் அம்மாணவர்மீதே விழுகின்றது. 1950இற்கு முந்திய ஆவணமே வலிய சான்றாக மதிக்கப்படுகின்றது. பள்ளியே எட்டாத மலைக்கிராமத்திற் பிறந்த பாட்டனுக்கு அத்தகைய பதிவு ஏது? ஆவணமற்றவரிடம் சடங்கைக் கேட்டால், நகருக்குப் பெயர்ந்த குடும்பம் அதனை மறந்திருக்கக்கூடும். இதனையுணர்ந்தே, பண்பாட்டுச் சோதனை முடிந்த அளவுகோலாகாது என உச்ச நீதிமன்றம் 2023 மார்ச்சில் தெளிவுபடுத்தியது.

கல்வி மறுக்கப்பட்டமைக்கு ஈடாக வழங்கப்பட்ட உரிமையைப் பெறுவதற்கு, முன்னோர் கல்வி பெற்றமைக்கான பதிவே சிறந்த சான்றாக அமைந்தமை இவ்வரலாற்றின் முரண்பாடாகும். ஆகவே, பொய்யரை விலக்கும் சோதனை உரியவரையும் விலக்காதிருத்தல் வேண்டும். பழம்பதிவுகளைத் தேடும் பொறுப்பை மாணவர்மீது மட்டும் சுமத்தாது அரசும் ஏற்குமாயின், ஒதுக்கீட்டின் நோக்கம் ஓரளவேனும் நிறைவேறும் எனலாம்.