பரதவர் வணங்கிய வேளா

பாறசாலை, நெய்யாற்றின்கரை எல்லையூர்களுக்கு அண்மையிலுள்ள அரபிக்கடல் முதல் சோழர் கடல் வரை ஒரு காலத்தில் வேளா மீன் பரவி வாழ்ந்தது. காவிரிப்பூம்பட்டினத்தைப் பாடும் பட்டினப்பாலை, அவ்வூர்ப் பரதவர் கருவுற்ற சுறாவின் கொம்பை நட்டு அதில் தெய்வத்தை உறைவித்து வழிபட்டதைக் கூறுகிறது. சுறாவுக்குக் கொம்பு இல்லை. இருபுறமும் பற்கள் வரிசையிட்ட, ரம்பம் போன்ற நீண்ட மூக்குடைய வேளாவையே புலவர் சுட்டினார் எனக் கொள்வது பொருந்தும்.

வேளா உண்மையில் திருக்கையின் உறவு. மூக்கிலுள்ளவை வாய்ப்பற்கள் அல்ல, உருமாறிய செதில்கள். மீன்கூட்டத்துள் புகுந்து மூக்கை இருபுறமும் வீசி இரையை வெட்டி வீழ்த்தும். இது குட்டி ஈனும் மீன். தாயின் வயிறு கிழியாதவாறு குட்டியின் பற்களை மெல்லிய உறை மூடியிருக்கும்.

அந்தக் கொம்பே அதற்குக் கூற்றாயிற்று. வலைக்கண்ணில் மாட்டிய பற்களை அதனால் விடுவித்துக்கொள்ள இயலாது. நைலான் வலையும் இழுவை மடியும் பெருகியபின் வேளா அரிதாயிற்று. 2001இல் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் அது இடம்பெற்றது; பிடிப்பதும் விற்பதும் குற்றம். ஆயினும் வலையில் அகப்பட்டதை உயிரோடு விடுவிக்கும் மீனவரின் கையிலேதான் அதன் எதிர்காலம் உள்ளது.