கறுவாத்தோட்டத்து வேலி

கொழும்பிலிருந்து இரத்தினபுரி, பொத்துவில் வழியாக மட்டக்களப்புக்கு வரும் ஏ4 வீதி எங்கள் பெரியகல்லாற்றை ஊடறுத்துப் போகிறது. அந்த வீதியின் மறுமுனையில் நான் உத்தியோகம் பார்த்த காலத்தில், சம்பளம் தீர்ந்த மாதக் கடைசியிலும் ஒரு சதம் கேட்காமல் இருக்கவிட்ட இடம் விகாரமகாதேவி பூங்கா.

ஒரு காலம் கறுவாத்தோட்டமாக இருந்த அந்த மண்ணில் சும்மா இருக்க எல்லாக் காலத்திலும் விட்டதில்லை. கறுவா முன்பு காட்டில் தானாக வளர்ந்தது. பெரும் பகுதி கண்டி அரசனின் காடு. அவனோடு சண்டை மூண்டால் ஒல்லாந்தருக்குப் பட்டை வராது. அதனால்தான் ஆளுநர் பல்க் காலத்தில், 1769 அளவில், கோட்டைக்குக் கிட்டவே மருதானைப் பக்கம் கறுவாவை நட்டுப் பார்த்தார்கள். உரிப்பது சலாகம சாதியாருக்குக் கட்டாய ஊழியம். களவாக உரித்தாலோ விற்றாலோ மரண தண்டனை வரைக்கும் போகும். பின்வந்த ஆங்கிலேயரும் அந்த ஏகபோகத்தை 1833 வரை விடவில்லை. விட்ட பிறகு தோட்டம் தேய்ந்து பணக்காரரின் வளவுகளாயிற்று. மிச்சத்தில் ஒரு துண்டு, சார்ள்ஸ் ஹென்றி டி சொய்சா நகரத்துக்குக் கொடுத்த நிலம், விக்டோரியா பூங்காவானது.

1942இல் யப்பானியர் வருவார்கள் என்ற பயத்தில் அவுஸ்திரேலியாவின் 17ஆவது பிரிகேட் அங்கே பாளையமிட்டது. கொழும்பில் ஏப்ரல் 5ஆம் திகதி குண்டு விழுந்தது. நான்கு நாள் கழித்து ஹேர்மிஸ் என்ற விமானந்தாங்கிக் கப்பலும், அதற்குத் துணையாக வந்த அவுஸ்திரேலியரின் வம்பயரும் மட்டக்களப்புக் கடலில் தாண்டன. சுழியோடிகள் இன்றும் ஹேர்மிஸைப் பார்க்கக் கல்லடிக்கு வருகிறார்கள். பூங்காவைத் திருத்தி மறுபடி பொதுமக்களுக்குத் திறந்தது 1951இல்.

1958இல் பெயர் விகாரமகாதேவி பூங்கா என்று மாறியது. விக்டோரியா போனதில் எனக்கு ஒரு கவலையும் இல்லை. ஆனால் மே மாதக் கலவரத்துக்காக அவசரகாலச் சட்டம் போட்ட அதே ஆண்டில், எல்லாளனை வென்ற துட்டகைமுனுவின் தாயைத் தேடிப் பெயர் வைத்தது தற்செயல் என்று என்னை நம்பச் சொல்லாதீர்கள்.

தாயின் கதை வேறு. களனி அரசன் ஒரு தேரரைக் கொன்றான், கடல் ஊருக்குள் ஏறியது, அதைத் தணிக்கத் தன் மகளைப் படகில் வைத்து அலையில் விட்டான் என்கிறது மகாவம்சம். அவள் கரையேறியது கிரிந்தவில் என்பார்கள். இல்லை, பொத்துவில் முகுது மகா விகாரையடியில் என்பாரும் உண்டு. பொத்துவில் என்றால் எங்கள் வீதிதான். 2004 டிசம்பர் 26க்குப் பிறகு, கடலுக்கும் வாவிக்கும் நடுவில் கிடக்கும் கல்லாற்றாருக்குக் கடல் ஊருக்குள் ஏறிய கதையை யாரும் விளக்க வேண்டியதில்லை. அந்தப் பெண்பிள்ளையோடு எனக்கு ஒரு பகையும் இல்லை.

யுத்த காலத்தில் பூங்காப் பக்கம் போனால் அடையாள அட்டையைக் காட்ட வேண்டும். மட்டக்களப்பு என்று கண்டால் கேள்வி நீளும். யுத்தம் முடிந்து நகர அபிவிருத்தி அதிகார சபை பூங்காவைப் புதுப்பித்தபோது சுற்றி நின்ற வேலியும் எடுபட்டது. இப்போது எந்தப் பக்கத்தாலும் இறங்கலாம். மரத்தடியில் குடை விரித்திருக்கும் சோடிகளைத்தான் கொஞ்சம் சுற்றிப் போக வேண்டும்.