கீசகவதம்: ஊமைப்படத்தில் ஒலியாத முறையீடு

தென்னிந்தியாவில் உருவான முதற் கதைப்படம் ‘கீசகவதம்’ என்பர் திரைப்பட வரலாற்றாசிரியர். சென்னையில் மோட்டார் வாகன வணிகம் நடத்திய ஆர். நடராஜ முதலியார், புனாவில் ஸ்டூவர்ட் சிமித் என்னும் ஒளிப்பதிவாளரிடம் பயின்று, 1917-18ஆம் ஆண்டுகளில் இதனை ஆக்கினார். படச்சுருள் இன்று எஞ்சவில்லை. எனினும், அவர் தேர்ந்த கதையும் சூட்டிய பெயரும் ஊமைப்படத்தின் இயல்பை ஆராய இடந்தருகின்றன.

விராட பருவக் கதை யாவரும் அறிந்ததே. சைரந்திரியாய்ப் பணிபுரியும் திரௌபதியை அரசவையிலேயே கீசகன் உதைக்கிறான். கங்கனாய் உருமாறிய தருமன் கண்டும் வாளாவிருக்கிறான். ஐவர் கணவராயிருந்தும் காப்பாரற்ற தன் நிலையை அவள் இரவில் வீமனிடம் முறையிடுகிறாள். பின்னர், நடனசாலையின் இருளில் இருப்பவள் சைரந்திரியே என மயங்கி நெருங்கிய கீசகன், வீமன் கையில் மாள்கிறான்.

இக்கதையில் இரு கூறுகள் உள. ஒன்று கணவரின் புறக்கணிப்பு, மற்றையது ஆள்மாறாட்டம். பின்னையது கண்ணுக்குரியது, முன்னையதோ சொல்லுக்குரியது. ஊமைப்படத்திற் சொல்லுக்குக் கிடைத்த இடம் ஆங்கிலம், தமிழ், இந்தி மொழிகளில் எழுதிக் காட்டப்பட்ட அட்டைகளே. மகளிருள் மிகப் பெரும்பாலோர் எழுத்தறியாதிருந்த அக்காலத்தில், ஒரு மனைவியின் முறையீடு அவர்களை எவ்வளவிற்கு எட்டியிருக்கும்? படத்தின் பெயரும் வதத்தையே சுட்டுகின்றது, முறையீட்டையன்று.

மேனாட்டிலும் இந்நிலையைக் காணலாம். சாப்ளின் 1921இல் அளித்த ‘த ஐடில் கிளாஸ்’ என்ற குறும்படத்தில், குடிகாரக் கணவனாற் புறக்கணிக்கப்பட்ட மனைவி, அவனை ஒத்த நாடோடியைக் கணவனென்றே எண்ணுகிறாள். இரு வேடமும் சாப்ளினுடையவை. குடியை விடும்வரை தனித்திருப்பேன் என்ற மனைவியின் கடிதங்கண்டு, முதுகு குலுங்க அழுபவன்போல் நிற்கிறான் கணவன். திரும்பும்போதோ மதுக்கலவையைக் குலுக்குவது தெரிகிறது. அவையோர் நகைக்கின்றனர், மனைவியின் துயரம் மறக்கப்படுகின்றது.

இவ்விடத்து, கண்டியை அடுத்த நமது பேராதனை அரங்கு நினைவுகூரத்தக்கது. பேராசிரியர் சு. வித்தியானந்தன் 1962இல் ‘கர்ணன் போர்’ கூத்தை மேடையேற்றியபோது, பாரதக் கதை மத்தளத்தோடும் பாட்டோடும் இங்கு ஒலித்தது. கூத்திலே துயருற்றோர் தம் துயரைத் தாமே பாடுவர். அதனைக் கேட்க எழுத்தறிவு வேண்டியதில்லை. ஊமைப்படம் புதுமையைத் தந்தவிடத்து, இவ்வுரிமையைப் பறித்தது எனலாம்.

ஆகவே, ‘கீசகவத’த்தை முதற்படமெனப் பட்டியலிடுவதோடு நாம் அமைதல் சாலாது. அதில் யாருடைய குரல் ஒலிக்க இயலாது போயிற்று என வினவுதலும் வரலாறு கற்போர் கடனாகும்.