கல்வரி நீர்மூழ்கிகளுக்கு 'ஏஐபி': அம்பர்நாத் ஆய்வகத்திலிருந்து கடலுக்குப் போக ஏன் இவ்வளவு காலம்?

செம்பூரிலிருந்து ஹார்பர் லைனில் சிஎஸ்எம்டி பக்கம் வேலைக்குப் போகிறவர்களுக்கு டாக்யார்ட் ரோடு ஸ்டேஷன் பழக்கமான பெயர்தான். ஆனால் பெரும்பாலானோர் அங்கே இறங்கியிருக்க மாட்டார்கள். அதன் பக்கத்தில்தான் மசகான் டாக் கப்பல் கட்டும் தளம் இருக்கிறது. கல்வரி வகை நீர்மூழ்கிகள் ஆறும் இங்கேதான் கட்டப்பட்டன. முதல் கப்பல் 2017 டிசம்பரிலும், கடைசியான வாக்‌ஷீர் 2025 ஜனவரி 15 அன்றும் கடற்படையில் சேர்ந்தன.

ஆறுமே ஒரு முக்கியமான கருவி இல்லாமல்தான் சேர்ந்தன. அதன் பெயர் ஏஐபி, அதாவது வெளிக்காற்று தேவைப்படாத உந்துவிசை அமைப்பு. அதை உருவாக்கிய ஆய்வகமும் மும்பைக்குப் பக்கத்தில்தான் இருக்கிறது. மாட்டுங்காவில் அம்பர்நாத் ஸ்லோ லோக்கல் பிடித்தால் நேராகப் போய்விடலாம். ஒரே ரயில் பாஸ் தூரத்தில் ஆய்வகமும் கப்பல் தளமும் இருந்தும், ஒன்றின் வேலை இன்னொன்றின் கால அட்டவணையோடு சேரவில்லை.

ஏஐபி எதுக்கு?

டீசல்-எலக்ட்ரிக் நீர்மூழ்கி தண்ணீருக்கடியில் பேட்டரியில்தான் ஓடும். உங்க போன் கதைதான். வேகமாக ஓட்டினால் சில மணி நேரத்தில் சார்ஜ் இறங்கிவிடும், மெதுவாகப் போனால் இரண்டு மூன்று நாள் தாங்கும். மறுபடி சார்ஜ் ஏற்ற டீசல் எஞ்சினை ஓட்ட வேண்டும். எஞ்சினுக்குக் காற்று வேண்டும். அதனால் கப்பல் மேலே வந்து, 'ஸ்நார்கல்' என்ற குழாயைத் தண்ணீருக்கு வெளியே நீட்டும். எதிரியின் ரேடாரும் ரோந்து விமானமும் காத்திருப்பது அந்த நேரத்துக்காகத்தான்.

ஏஐபி இருந்தால் மெதுவான வேகத்தில் ஏறத்தாழ இரண்டு வாரம் வரை மேலே வராமல் இருக்கலாம். பாகிஸ்தானின் ஹம்சா நீர்மூழ்கி 2008-லேயே பிரெஞ்சு ஏஐபியோடு சேவைக்கு வந்துவிட்டது. எத்தனாலை ஆக்சிஜனோடு எரித்து, நீராவியில் டர்பைனைச் சுழற்றும் முறை அது. ஜெர்மனி எரிபொருள் மின்கலத்தையும், ஸ்வீடன் ஸ்டெர்லிங் எஞ்சினையும் பயன்படுத்துகின்றன.

(நீருக்கடியில் இருக்கும் கப்பலுக்குச் செய்தி எப்படிப் போகும் என்று கேட்கலாம். தாராவியில் இருக்கும் நெல்லைக்காரர்கள் கவனிக்க: உங்க மாவட்டத்து விஜயநாராயணத்தில், 1990 முதல் இயங்கும் ஐஎன்எஸ் கட்டபொம்மன் தளத்திலிருந்துதான். மிகத் தாழ்ந்த அதிர்வெண் ரேடியோ அலைகளால்தான் கடல்நீருக்குள் ஓரளவாவது இறங்க முடியும்.)

அம்பர்நாத்தில் என்ன செய்தார்கள்?

டிஆர்டிஓவின் கடற்படைப் பொருளியல் ஆய்வகம், அதாவது என்எம்ஆர்எல், எரிபொருள் மின்கல வழியைத் தேர்ந்தெடுத்தது. ஹைட்ரஜனும் ஆக்சிஜனும் சேரும்போது மின்சாரம், வெப்பம், தண்ணீர் மூன்றும் கிடைக்கும். எரிப்பு கிடையாது, சத்தமும் குறைவு. சிக்கல் ஹைட்ரஜனைச் சேமிப்பதில்தான். மூடிய இரும்புக் கூட்டுக்குள், கப்பலில் இருப்பவர்களுக்குப் பக்கத்திலேயே ஹைட்ரஜனை அடைத்து வைப்பது ஆபத்தான வேலை. அதனால் அதைச் சேமிக்காமல், தேவைப்படும்போது கப்பலிலேயே ரசாயன முறையில் தயாரித்துக்கொள்ளும்படி வடிவமைத்தார்கள். எல்&டி, தெர்மாக்ஸ் நிறுவனங்கள் இதில் கூட்டாளிகள்.

2021 மார்ச் 8 அன்று, தரையில் அமைத்த முன்மாதிரி சோதனையில் தேறியது. இரண்டே நாளில், மார்ச் 10 அன்று, மூன்றாவது நீர்மூழ்கியான கரன்ஜ் ஏஐபி இல்லாமல் கடற்படையில் சேர்ந்தது. முதலில் இருந்த யோசனை, ஐந்தாவது, ஆறாவது கப்பல்களைக் கட்டும்போதே உள்நாட்டு ஏஐபியைப் பொருத்திவிடலாம் என்பது. அது நடக்கவில்லை.

பிறகு பொருத்திக்கொள்ளலாமே, என்ன அவசரம்?

லேப்டாப்பில் ரேம் மாற்றுவது போன்ற வேலை இல்லை இது. 67.5 மீட்டர் நீளக் கப்பலைக் குறுக்கே வெட்டி, ஏஐபி இருக்கும் புதிய பகுதியை நடுவில் செருகி, ஆழ்கடல் அழுத்தம் தாங்கும்படி மறுபடி வெல்டிங் செய்ய வேண்டும். பல ஆண்டுகளுக்கு ஒருமுறை வரும் பெரிய பராமரிப்பின்போதுதான் இது சாத்தியம். அந்த நேரத்தில் ஏஐபி தயாராக இல்லையென்றால் அடுத்த பராமரிப்பு வரை காத்திருக்க வேண்டும். நடுவில் தனியாக இழுத்து வந்து வெட்டலாம்தான். ஆனால் இருப்பதே சில கப்பல்கள், அதில் ஒன்று இன்னும் நீண்ட காலம் கடலுக்குப் போகாது. நவீனமாக்கல், தயார்நிலை என்ற இரண்டு சொற்களும் அரசு அறிக்கைகளில் ஜோடியாக வரும். தளத்தில் அவை ஒரே கப்பலுக்காகப் போட்டி போடுகின்றன.

தரைப்படையிலும் இதே இழுபறி உண்டு. படையின் ஆயுதங்களில் 68% பழையவை, 8% மட்டுமே அதிநவீனமானவை என்று 2018-ல் அப்போதைய ராணுவத் துணைத் தளபதி சரத் சந்த் நாடாளுமன்றக் குழுவிடம் சொன்னார்.

தாமதத்துக்கு ஆய்வகத்தை மட்டும் குறை சொல்வது நியாயமில்லை. மசகான் டாக் 1990-களில் ஜெர்மன் வடிவமைப்பில் ஷால்கி, ஷங்குல் என்ற இரண்டு நீர்மூழ்கிகளைக் கட்டி முடித்தது. 1994-ல் ஷங்குல் சேவைக்குப் போனபின் ஆர்டர் நின்றுவிட்டது. அழுத்தக்கூட்டை வெல்டிங் செய்யப் பழகிய கைகள் சும்மா இருந்தால் அந்தத் திறமை போய்விடும். 2005 அக்டோபரில் பிரெஞ்சு நிறுவனத்தோடு கல்வரி ஒப்பந்தம் போட்டபோது ஏறக்குறைய புதிதாகத்தான் தொடங்க வேண்டியிருந்தது. 2012-ல் வர வேண்டிய முதல் கப்பல் ஐந்து ஆண்டு தள்ளிப்போனது. 2030-க்குள் 24 நீர்மூழ்கிகள் என்று 1999-ல் ஒப்புதல் பெற்ற 30 ஆண்டுத் திட்டத்தில் இதுவரை கடலுக்கு வந்த டீசல்-எலக்ட்ரிக் கப்பல்கள் இந்த ஆறுதான்.

இப்போது எங்கே நிற்கிறது?

ஏஐபியைக் கல்வரி கப்பல்களில் இணைக்க 2023 ஜனவரியில் டிஆர்டிஓ, பிரான்சின் நேவல் குரூப்போடு உடன்பாடு செய்தது. 2024 டிசம்பர் 30 அன்று பாதுகாப்பு அமைச்சகம், ஏஐபி பகுதியைக் கட்டி இணைக்கும் பொறுப்பை மசகான் டாக்கிடம் கொடுத்தது. மதிப்பு ஏறத்தாழ ₹1,990 கோடி.

அடுத்த ஆறு நீர்மூழ்கிகளுக்கான 75-ஐ திட்டத்திலும் மசகான் டாக்தான் இருக்கிறது, இந்த முறை ஜெர்மனியின் தைசன்குரூப் மரைன் சிஸ்டம்ஸோடு. 2021-ல் வந்த அந்த டெண்டர் கேட்டது கடலில் ஓடி நிரூபிக்கப்பட்ட ஏஐபியை. அம்பர்நாத் ஏஐபி அப்போது தரையில் மட்டும்தான் ஓடியிருந்தது. வெட்டி ஒட்டிய ஒரு கல்வரி கப்பல் அதோடு மூழ்கி எழுந்த பிறகுதான் அந்த நிபந்தனை அதற்குப் பொருந்தும்.