பெயர்களில் வாழும் பழைய தில்லி

ஒரு நகரத்தின் வரலாற்றை அறிய விரும்புவோர் பெரும்பாலும் கோட்டைகளையும் கோபுரங்களையும் கல்வெட்டுகளையும் நாடிச் செல்வர். ஆனால் கோட்டைகள் இடிகின்றன; கோபுரங்கள் சாய்கின்றன; அரசர்கள் சூட்டிய பெயர்களும் அவர்களோடு மறைகின்றன. மக்கள் நாவில் வழங்கும் தெருப்பெயர்கள் மட்டும் எளிதில் அழிவதில்லை. இவ்வுண்மையைப் பழைய தில்லியைக் காட்டிலும் தெளிவாக உணர்த்தும் நகரம் வேறொன்று இருத்தல் அரிது.

அரசுப் பணியின் பொருட்டுத் தலைநகருக்குக் குடிபெயர்ந்த தமிழ்க் குடும்பங்களுள் பல கரோல்பாக்கிலும் இராமகிருஷ்ணபுரத்திலும் வேரூன்றியவை. நம் பிள்ளைகள் பிறந்து வளரும் ஊர் இது. பாடநூல்களுக்காக நயீ சடக்கிற்கும், மளிகைப் பொருள்களுக்காகக் காரீ பாவ்லிக்கும் நாம் சென்று வருவதுண்டு. எனினும் அப்பெயர்களின் பொருள் யாதெனப் பிள்ளைகள் வினவினால், நம்மில் எத்தனை பேர் விடை கூற இயலும்?

நிலவு தோய்ந்த வீதி

முகலாயப் பேரரசர் ஷாஜஹான் ஆக்ராவிலிருந்து தலைநகரை மாற்ற எண்ணி, 1639-ஆம் ஆண்டில் யமுனைக் கரையில் செங்கோட்டைக்கு அடிக்கல் நாட்டுவித்தார். 1648-இல் கோட்டைக்குள் அரசவை கூடியது. கோட்டையைச் சூழ எழுந்த மதில் நகரமே ஷாஜஹானாபாத் ஆகும். அதன் சிகரமென விளங்கும் ஜுமா மசூதி 1656-இல் நிறைவுற்றது.

கோட்டையின் லாகூர் வாயிலிலிருந்து மேற்கே ஃபதேபுரி மசூதி வரை நேராகச் செல்லும் அகன்ற வீதியே இன்றைய சாந்தினி சௌக். தொடக்கத்தில் அப்பெயர் வீதி முழுமைக்கும் உரியதன்று. வீதியின் ஒவ்வொரு பகுதிக்கும் தனித்தனிப் பெயர் இருந்தது. பேரரசரின் திருமகள் ஜஹானாரா பேகம் வீதியின் நடுவே எண்கோண வடிவில் ஒரு சதுக்கம் அமைத்து, அதில் ஒரு குளமும் கண்டார். வீதியின் நடுவில் ஓடிய கால்வாய் அக்குளத்தை நிரப்பிற்று. அந்நீரில் நிலவு ஒளிர்ந்தமையால் சதுக்கம் ‘நிலாச் சதுக்கம்’ எனும் பொருளில் சாந்தினி சௌக் ஆயிற்று என்பது மக்கள் வழக்கு. காலப்போக்கில் சதுக்கத்தின் பெயர் வீதி முழுவதற்கும் பரவியது. இன்று குளமும் இல்லை, கால்வாயும் இல்லை. நிலவு பெயரில் மட்டும் எஞ்சியுள்ளது.

காரீ பாவ்லியின் கதையும் இத்தகையதே. ‘பாவ்லி’ என்பது படிக்கிணறு; ‘காரீ’ என்பது உவர்ப்பைக் குறிக்கும். ஷாஜஹானாபாத் தோன்றுவதற்கு ஏறத்தாழ நூறாண்டு முன்பே, சூர் மரபினர் ஆட்சியில் அங்கே ஓர் உவர்நீர்க் கிணறு வெட்டப்பட்டது. கிணறு தூர்ந்து மறைந்த பின்னும், மஞ்சளும் மிளகாயும் மணக்கும் அக்கடைவீதி கிணற்றின் பெயராலேயே அழைக்கப்படுகிறது. மூட்டை சுமப்போரின் நெரிசலில் நடப்பவர், தம் காலடியில் ஒரு காலத்தில் நீர்நிலை இருந்ததென எண்ணுவதில்லை. கவிஞர் காலிப் இறுதிக் காலத்தில் வாழ்ந்து 1869-இல் மறைந்த பல்லீமாரான் பகுதியும் படகு செலுத்துவோரின் தொழிலால் பெயர் பெற்றது என்பர்.

வாயில்கள் சொல்லும் திசைகள்

மதில் நகரின் வாயில்களுள் காஷ்மீரி, அஜ்மீரி, துர்க்மான், தில்லி வாயில்கள் இன்றும் நிற்கின்றன. அவற்றுட் பல, தம் வழியே செல்லும் சாலை எவ்வூரை நோக்கியதோ அவ்வூரின் பெயரைத் தாங்குபவை. தில்லி நகரிலேயே ‘தில்லி வாயில்’ ஏன் எனும் ஐயம் எழலாம். ஷாஜஹானாபாத் எழுந்தபோது அதுவே புது நகரம். தெற்கே கிடந்த முந்தைய நகரங்களே ‘தில்லி’. அப்பழைய தில்லிக்குச் செல்லும் வழியில் அமைந்தமையால் அவ்வாயில் அப்பெயர் பெற்றது. 1911 திசம்பர் 12-ஆம் நாள் தர்பாரில் தலைநகர மாற்றம் அறிவிக்கப்பட்டு, 1931-இல் புதுதில்லி திறந்துவைக்கப்பட்ட பின்னர், முன்னாள் புது நகரமே ‘பழைய தில்லி’ ஆயிற்று. புதுமை என்பது எத்துணை நிலையற்றது!

துர்க்மான் வாயிலோ ஊர்ப்பெயர் கொண்டதன்று. பதின்மூன்றாம் நூற்றாண்டில் வாழ்ந்த ஷா துர்க்மான் எனும் சூஃபி ஞானியின் அடக்கத்தலம் அருகிருப்பதால் அப்பெயர் வந்தது. நகரத்தினும் தொன்மையான அப்பெயரைத் தாங்கிய பகுதியில், நெருக்கடி நிலைக் காலத்தில், 1976 ஏப்ரலில் வீடுகள் இடிக்கப்பட்டன. எதிர்த்து நின்றோர் மீது துப்பாக்கிச் சூடும் நிகழ்ந்தது. வீடிழந்தோர் பலர் நகரின் புறத்தே குடியமர்த்தப்பட்டனர். ஒரு தெரு இடிக்கப்படுங்கால் சுவர்கள் மட்டும் வீழ்வதில்லை. அயலார் உறவும் தலைமுறைப் பழக்கங்களும் உடன் சிதறுகின்றன.

அழிவும் அதன் வடுக்களும்

இவ்வீதி கண்ட துயரங்கள் பல. 1675-இல் சீக்கியரின் ஒன்பதாம் குரு தேக் பகதூர் இங்கேதான் உயிர்த்தியாகம் செய்தார். அவ்விடத்தில் சீஸ்கஞ்ச் குருத்வாரா விளங்குகிறது. அதனை அடுத்துள்ள சுனஹரி மசூதியில் அமர்ந்தே, 1739-இல் பாரசீக மன்னர் நாதிர் ஷா நகர மக்களைக் கொன்று குவிக்க ஆணையிட்டதாக வரலாறு கூறும்.

அவற்றையும் விஞ்சி நகரின் உருவையே மாற்றியது 1857-ஆம் ஆண்டு எழுச்சியின் பின்விளைவு. ஆங்கிலேயர் நகரை மீண்டும் கைப்பற்றியதும் மக்களை மதிலுக்கு வெளியே துரத்தினர். கோட்டையைச் சுற்றிப் பீரங்கிகளுக்கு இடையூறாக இருக்கக்கூடும் எனக் கருதப்பட்ட மாளிகைகளும் மசூதிகளும் கடைவீதிகளும் தரைமட்டமாக்கப்பட்டன. ஃபதேபுரி மசூதி ஒரு வணிகருக்கு விற்கப்பட்டு, 1877-இல்தான் மீட்கப்பெற்றது. தாம் அறிந்த கடைவீதிகளும் நண்பர்களும் மறைந்ததை எண்ணிக் காலிப் தம் கடிதங்களில் கலங்கியிருக்கிறார். ஜஹானாரா எழுப்பிய சத்திரம் இருந்த இடத்தில் 1860-களில் நகர மண்டபம் எழுந்தது. குளம் இருந்த இடத்தில் மணிக்கூண்டு ஒன்று நின்றது. இருப்புப்பாதை நகரின் வடபகுதியை ஊடறுத்துச் சென்றது.

அக்காலத்தில் சாந்தினி சௌக்கிலிருந்து தெற்கே புதிதாக வெட்டப்பட்ட சாலைக்கு எகர்டன் சாலை என்று ஓர் ஆங்கில அதிகாரியின் பெயர் சூட்டப்பட்டது. மக்களோ அதனை ‘நயீ சடக்’, அதாவது ‘புதுச் சாலை’ என்றே அழைத்தனர். அதிகாரியின் பெயரை இன்று அறிந்தார் சிலரே. நூற்றைம்பது ஆண்டு மூப்படைந்த அச்சாலை, மக்கள் வழக்கில் இன்றளவும் புதுச் சாலையாகவே உள்ளது!

மணிக்கூண்டும் விடுதலைக்குப் பின் சில ஆண்டுகளிலேயே இடிந்து மறைந்தது. ஆயினும் மூத்த குடிமக்கள் அவ்விடத்தை ‘கண்டாகர்’ எனச் சுட்டக் கேட்கலாம். 1919 மார்ச் 30-ஆம் நாள், ரௌலட் சட்டத்தை எதிர்த்த ஊர்வலத்தின்போது, சுவாமி சிரத்தானந்தர் படைவீரர்தம் துப்பாக்கி முனைகளின்முன் மார்பு காட்டி நின்றது அப்பகுதியிலேயே. விக்டோரியா மகாராணியின் சிலை நின்ற இடத்தில் இன்று நிற்பது அவர் சிலை.

நாம் செய்யத்தக்கது

2021-ஆம் ஆண்டில் சாந்தினி சௌக் சீரமைக்கப்பட்டு, பகற்பொழுதில் பெரும்பகுதி நடப்போருக்கு உரியதாக்கப்பட்டது. சமணர் கோயில், கௌரி சங்கர் ஆலயம், கிறித்தவத் தேவாலயம், குருத்வாரா, மசூதி என ஐவகை வழிபாட்டிடங்களையும் அவ்வொரே வீதியில் நடந்தபடி காணலாம். ஆனால் அதன் பக்கச் சந்துகளில் பழைய ஹவேலிகள் பல கிடங்குகளாக மாறிவருகின்றன. சில இடிந்தும் போயின. கட்டடங்களைக் காப்பது அரசின் பொறுப்பும் உரிமையாளர் பொறுப்புமாகும். பெயர்களின் பொருளைக் காப்பதோ அவற்றை நாள்தோறும் உச்சரிக்கும் அனைவரின் பொறுப்பு. அவ்வனைவருள் நாமும் அடங்குவோம்.

பிறந்த மண்ணின் ஊர்ப்பெயர்களை நம் பிள்ளைகளுக்குச் சொல்லித் தருகிறோம், அது வேண்டுவதே. அவ்வாறே வாழும் மண்ணின் பெயர்களையும் சொல்லித் தருதல் வேண்டும். அடுத்த முறை பாடநூல் வாங்கச் செல்லுங்கால் கடையோடு திரும்பிவிடாது, பிள்ளைகளை அழைத்துக்கொண்டு நயீ சடக்கிலிருந்து காரீ பாவ்லி வரை நடந்து செல்க. இங்கே ஒரு குளம் இருந்தது, அங்கே ஒரு கிணறு இருந்தது எனக் காட்டுக. கேட்டு வளரும் பிள்ளைக்கு இந்நகரம் தந்தையின் பணியிடமாக மட்டும் தோன்றாது. தன் ஊராகவே விளங்கும்.