எழுத்தறியா மக்களை எண்ணிய பேராசிரியர்

நம் கல்விக் கழகத்தின் வெள்ளிவிழா மலரில் அயோத்திதாசப் பண்டிதர், இரட்டைமலை சீனிவாசன், எம்.சி. ராஜா ஆகியோரைப் பற்றி எழுதுவது முறை. சட்டக்கல்லூரிப் பேராசிரியராயிருந்து சென்னை மாநகர மேயரான என். சிவராஜ் அவர்களைப் பற்றி எழுதுவது அதனினும் பொருத்தம். அப்பெருமக்கள் இருக்க, டாக்டர் மால்கம் ஆதிசேஷய்யாவை நான் தெரிந்துகொண்டது ஏன் என்று இளைஞர்கள் கேட்கலாம். கேட்கத்தான் வேண்டும். அவர் வறுமையில் பிறந்தவரல்லர், சேரியில் வளர்ந்தவருமல்லர். ஆயினும் பள்ளிக்கு வெளியே நிற்பவர் எத்தனை பேர், அவர்கள் யார் என்ற கேள்வியைப் பெரிய அவைகளில் எழுப்பியவர். அக்கேள்வி நம் கேள்வியும் ஆதலின் இக்கட்டுரை.

1910ஆம் ஆண்டு ஏப்ரல் 18ஆம் நாள் வேலூரில் பிறந்தார். வேலூர் ஊரிசுக் கல்லூரியிலும் சென்னை லயோலாக் கல்லூரியிலும் பயின்று, பின் லண்டனிலும் கேம்பிரிட்ஜிலும் பொருளாதாரம் கற்றார். கல்கத்தாவில் புனித பவுல் கல்லூரியிலும், பின்னர்த் தாம்பரத்தில் சென்னைக் கிறித்துவக் கல்லூரியிலும் ஆசிரியப் பணி ஆற்றினார். அவ்வளவில் நின்றிருந்தால் நன்மதிப்புடன் ஓய்வு பெற்ற பேராசிரியர் ஒருவராக அவர் வாழ்வு முடிந்திருக்கும்.

1946இல் அவர் வகுப்பறையை விட்டு வெளியேறினார். இரண்டாம் உலகப் போர் அப்போதுதான் ஓய்ந்திருந்தது. கல்லூரிகள் இடிந்து, உணவும் நூலும் உறைவிடமும் இன்றி மாணவர்கள் தவித்த காலம். அம்மாணவர்க்கு உதவிய உலகப் பல்கலைக்கழகத் தொண்டு நிறுவனத்தின் இணைப் பொதுச் செயலாளராக ஜெனீவாவுக்குச் சென்றார். 1948இல் ஐக்கிய நாடுகளின் கல்வி, அறிவியல், பண்பாட்டு அமைப்பாகிய யுனெஸ்கோவில் சேர்ந்தார். அங்கு 1955 முதல் துணை நிலைத் தலைமைப் பொறுப்பும், 1963 முதல் 1970 வரை தலைமை இயக்குநருக்கு அடுத்த பதவியும் வகித்தார். பாரிசு நகரில் தமிழர் ஒருவர் அத்தகைய நிலையில் அமர்ந்திருந்தது நாம் பெருமைப்படத்தக்கதே.

ஆயினும் பதவியைக் காட்டிலும் அக்காலத்தில் நடந்த ஒரு முயற்சியே நமக்கு முதன்மையானது. புதிதாக விடுதலை பெற்ற நாடுகளின் அமைச்சர்கள் கல்வியைச் செலவினமாகவே எண்ணிவந்தனர். பணம் மிஞ்சினால் பள்ளி கட்டலாம் என்பது அவர்கள் கணக்கு. கல்வி செலவன்று, முதலீடு என்று பொருளாதாரம் கற்ற ஆதிசேஷய்யா போன்றோர் எடுத்துரைத்தனர். 1965இல் டெஹ்ரானில் எழுத்தறியாமையை ஒழிக்கக் கல்வி அமைச்சர்களின் மாநாடு கூடிற்று. அதன்பின் இந்தியா உள்ளிட்ட 11 நாடுகளில் தொழிலோடு இணைந்த எழுத்தறிவுத் திட்டம் தொடங்கப்பெற்றது. இந்தியாவில் அது உழவர்க்குப் புதிய வீரிய விதைகளைப் பற்றிப் பயிற்சி அளித்து, அதனோடு எழுத்தும் கற்பிக்கும் திட்டமாக வந்தது.

இங்கு நான் ஒன்று சொல்ல வேண்டும். சொந்த நிலத்தில் பயிரிடுவோனுக்கு விதையைப் பற்றிய பாடம் பயன்படும். அடுத்தவர் காட்டில் மரவள்ளி பிடுங்கும் கூலியாளுக்கு அப்பாடத்தால் என்ன பயன்? அவனுக்கு வேண்டிய எழுத்தறிவு வேறு. கூலிக் கணக்கைப் படிப்பதும், கைந்நாட்டு வைக்கும் முன் அந்தத் தாளில் உள்ளதை அறிவதுமே அவனுக்குத் தேவை. உலகளாவிய அத்திட்டம் எதிர்பார்த்த பயனைத் தரவில்லை என்று 1976இல் யுனெஸ்கோ வெளியிட்ட மதிப்பீடே ஒப்புக்கொண்டது. நல்லெண்ணம் மட்டும் போதாது. யாருக்காகத் திட்டம் என்பதை முதலில் அறுதியிட வேண்டும்.

அக்காலத்து நிலைமையை எண்களால் காண்போம். 1971ஆம் ஆண்டுக் குடிமதிப்பின்படி இந்திய மக்களில் எழுத்தறிந்தோர் நூற்றுக்கு 29.45 பேர். தாழ்த்தப்பட்ட மக்களில் 14.67 பேர். நம் பெண்களிலோ 6.44 பேரே. நூறு தாய்மார் கூடிய இடத்தில் ஒரு கடிதத்தைப் படிக்க வல்லவர் ஆறு பேர் என்றால், மீதித் தொண்ணூற்று நான்கு பேரின் வீட்டுச் செய்தியை அயலார் வாயால்தான் கேட்டிருப்பர்.

அந்த 1971ஆம் ஆண்டில்தான் ஆதிசேஷய்யா தாயகத்தில் தம் அடுத்த பணியைத் தொடங்கினார். வெளிநாட்டில் உயர்பதவி வகித்தோர் ஊர் திரும்பினால் மாளிகை எழுப்புவது வழக்கம். அவரும் அவர் துணைவியார் எலிசபெத் அம்மையாரும் சென்னை அடையாறு காந்தி நகரிலிருந்த தம் இல்லத்தையும் சேமிப்பையும் கொண்டு சென்னை வளர்ச்சி ஆராய்ச்சி நிறுவனத்தை நிறுவினர். தமிழ்நாட்டின் வறுமை, வேலையின்மை, நிலம், கல்வி இவற்றை அளந்து ஆராய்வதே அதன் நோக்கம். 1977இல் இந்தியச் சமூக அறிவியல் ஆராய்ச்சி மன்றம் அதனை ஏற்றுக்கொண்டது. பொருளாதார அறிஞர் சி.டி. குரியன் 1978 முதல் அதன் இயக்குநராயிருந்தார். சாதியும் நிலமும் பற்றிப் பின்னாளில் ஆழ்ந்து எழுதிய எம்.எஸ்.எஸ். பாண்டியன் போன்றோர்க்கும் அந்நிறுவனமே பணிக்களமாயிற்று.

1975 முதல் 1978 வரை அவர் சென்னைப் பல்கலைக்கழகத் துணைவேந்தர். பெரியார் பல்கலைக்கழகம் 1997இல் தோன்றும்வரை நம் சேலம் மாவட்டக் கல்லூரிகள் சென்னையோடு இணைந்திருந்தவை. ஆகவே அந்த ஆண்டுகளில் பட்டம் பெற்ற நம் ஊர்ப் பெரியோர் அவர் நிருவாகத்தில் படித்தவர்களே. கல்லூரிகளுக்குத் தன்னாட்சி வழங்கும் முறைக்கு அவர் ஊக்கமளித்தார். 1978இல் லயோலா, கிறித்துவக் கல்லூரி முதலியன அதனைப் பெற்றன. நகரத்துக் கல்லூரிகளுக்கு அது வாய்ப்பாயிற்று. நாட்டுப்புறக் கல்லூரிகளுக்கு அதன் பயன் மெல்லவே வந்தது.

மேல்நிலைக் கல்வியை ஆராய மத்திய அரசு அமைத்த குழுவுக்கு அவரே தலைவர். பதினோராம், பன்னிரண்டாம் வகுப்புகளில் பொதுக்கல்வியோடு தொழிற்கல்விப் பிரிவும் வேண்டும் என்று அக்குழு 1978இல் பரிந்துரைத்தது. தமிழ்நாட்டில் மேல்நிலை வகுப்புகள் தொடங்கியதும் அவ்வாண்டே. தொழிற்கல்வி என்ற சொல்லைக் கேட்டவுடன் நம் மக்கள் ஐயுற்றதில் வியப்பில்லை. 1953இல் ராஜாஜி கொண்டுவந்த திட்டத்தை யார் மறப்பார்? சிற்றூர்ப் பிள்ளைகளுக்குப் பள்ளி நேரத்தைக் குறைத்து, மிச்ச நேரத்தில் தகப்பன் தொழிலைக் கற்கச் சொன்ன திட்டம் அது. செருப்புத் தைப்பவன் மகன் செருப்புத் தைக்கவும், பறையடிப்பவன் மகன் பறையடிக்கவும் பணித்த அதனைக் குலக்கல்வி என்று மக்கள் எதிர்த்தனர். 1954இல் காமராசர் நீக்கினார்.

இரண்டும் ஒன்றா எனின், அன்று. ஆதிசேஷய்யா குழு சொன்னது பத்தாண்டுப் பொதுக்கல்வி அனைவர்க்கும் முடிந்தபின், மாணவன் தானே தெரிந்தெடுக்கும் தொழிலை. பிறப்பு தரும் தொழிலை அன்று. எனினும் தாளில் உள்ள விருப்பம் நடைமுறையில் யார் விருப்பமாகிறது என்பதை நாம் கண்காணிக்கத்தான் வேண்டும். ஒரு பள்ளியில் அறிவியல் பிரிவில் எவர் பிள்ளைகள், தொழிற்பிரிவில் எவர் பிள்ளைகள் என்று பெயர்ப்பட்டியலை எடுத்து எண்ணிப் பாருங்கள். ஆதிசேஷய்யாவின் குழுவையும் அதே கணக்கால்தான் மதிப்பிட வேண்டும். அதில் அவருக்குக் குறை நேராது.

1978 அக்டோபர் 2ஆம் நாள் தேசிய வயது வந்தோர் கல்வித் திட்டம் தொடங்கிற்று. 15 முதல் 35 வயது வரையுள்ள பத்துக் கோடிப் பேருக்கு ஐந்தாண்டுகளில் எழுத்தறிவு என்பது அதன் இலக்கு, இலக்கு எட்டப்படவில்லை. தமிழ்நாட்டில் வயது வந்தோர் கல்விக்கு உழைத்தோருள் ஆதிசேஷய்யா முன்வரிசையில் நின்றவர். அவ்வாண்டு முதல் 1984 வரை மாநிலங்களவையின் நியமன உறுப்பினராகவும் விளங்கினார். 1976இல் பத்மபூஷண் விருது பெற்றிருந்தார். விருதுகளை விரித்துரைக்க இங்கு இடமில்லை.

1994 நவம்பர் 21ஆம் நாள் அவர் மறைந்தார். பின்னர் யுனெஸ்கோ அவர் பெயரால் எழுத்தறிவுப் பரிசு ஒன்றை ஏற்படுத்திற்று. அடையாற்றில் அவர் விட்டுச்சென்ற நிறுவனத்தில் நூலகம் உண்டு. நம் மாவட்டத்தின் நிலம், கூலி, கல்வி பற்றி ஆராய விரும்பும் பட்டதாரி இளைஞர்கள் சென்னை செல்லும்போது ஒருமுறை அங்குச் சென்று வரலாம்.