ஆர்குட் கேட்ட கேள்விகளும் நம்ம வீட்டுப் பிள்ளைகளும்

மாதுங்காவில் ரெண்டு தமிழர்கள் புதுசாகச் சந்தித்தால் முதல் ஐந்து நிமிஷத்தில் என்ன கேட்டுக்கொள்வார்கள்? எந்த ஊர், யார் பிள்ளை, எங்கே வேலை, எங்கே ஜாகை. பதில் சொல்லாவிட்டால்தான் மரியாதைக் குறைவு!

இதில் தப்பு ஒன்றும் இல்லைங்க. நம்ம ஆட்கள் இந்த ஊரில் கால் ஊன்றியதே இந்தக் கேள்விகளால்தான். பத்தொன்பதாம் நூற்றாண்டின் கடைசியில் திருநெல்வேலிப் பக்கமிருந்து தாராவிக்குத் தோல் பதனிடும் வேலைக்கு வந்தவர்களும் சரி, டைப்ரைட்டிங்கும் ஷார்ட்ஹேண்டும் படித்துவிட்டு 1920, 30களில் மாதுங்காவில் வந்து இறங்கியவர்களும் சரி, ஊர்ப்பேரையும் அப்பா பேரையும் சொல்லித்தான் படுக்க இடமும் பார்க்க வேலையும் பிடித்தார்கள். கேட்பவர் யாரென்று தெரியும். சொன்னது எந்தத் தெரு தாண்டிப் போகும் என்பதும் ஓரளவு தெரியும்.

அப்புறம் ஆர்குட் வந்தது. ஞாபகம் இருக்கா?

2004 ஜனவரியில் கூகுள் அதை ஆரம்பித்தது. அங்கே வேலை பார்த்த ஆர்குட் புயுக்கொக்டென் என்ற இன்ஜினியரின் பேரையே வைத்தார்கள். பிரேசிலுக்கு அடுத்தபடி நம்ம நாட்டில்தான் அது சக்கைப்போடு போட்டது. முதலில் உள்ளே இருப்பவர் அழைத்தால்தான் சேர முடியும். 2006-ல் அந்தக் கதவையும் திறந்துவிட்டார்கள். பிறந்தநாள், ஊர், பள்ளிக்கூடம், காலேஜ், வேலை, போட்டோ என்று வரிசையாகக் கட்டங்கள். நண்பர்கள் எழுதும் ஸ்கிராப்புகளை ஆரம்பத்தில் யார் வேண்டுமானாலும் படிக்கலாம். "சாயங்காலம் ஆறு மணிக்கு டியூஷன் வாசல்ல நில்லு" என்று தோழி எழுதினால், முன்பின் தெரியாதவனுக்கும் அது தெரியும்.

பதினெட்டு வயசு ஆனவர்களுக்குத்தான் அனுமதி என்று விதி இருந்தது. பள்ளிப் பிள்ளைகள் பிறந்த வருஷத்தை மாற்றிப்போட்டு நுழைந்தார்கள். ஆக, இணையத்தில் அவர்கள் படித்த முதல் பாடமே வயசைப் பற்றிப் பொய் சொல்வது. மற்ற கட்டங்களில் எல்லாம் உண்மையைக் கொட்டினார்கள்.

2007 ஆகஸ்டில் மும்பையே அதிர்ந்து போனது. அந்தேரியில் ஒரு வியாபாரியின் 16 வயசுப் பையன் நண்பர்களைப் பார்க்கக் காரில் கிளம்பினான். கடத்திவிட்டோம், 2 கோடி ரூபாய் கொடு என்று வீட்டுக்கு போன் வந்தது. ரெண்டு நாளில் நவி மும்பையில் அவன் உடல் கிடைத்தது. கடத்தியவர்கள் ஆர்குட் வழியாகப் பழக்கம் பிடித்தவர்கள் என்று போலீஸ் சொன்னது. 2012 ஜனவரியில் குற்றம் நிரூபிக்கப்படவில்லை என்று செஷன்ஸ் கோர்ட் நால்வரை விடுதலை செய்தது. அந்த வீட்டுக்கு ஏற்பட்ட இழப்பு மட்டும் அப்படியே நிற்கிறது.

அதற்குப் பிறகு பல வீடுகளில் நடந்தது தடை உத்தரவு. "ஆர்குட் பக்கம் போகாதே." பிள்ளைகள் சைபர் கஃபேக்குப் போனார்கள். தடை போட்டதில் அவர்கள் எதையும் கற்றுக்கொள்ளவில்லை. 2014 செப்டம்பர் 30-ஆம் தேதி ஆர்குட்டே மூடப்பட்டது. ஆனால் அந்தக் கட்டங்கள் மூடப்படவில்லை. ஃபேஸ்புக், இன்ஸ்டாகிராம் என்று வேறு பேரில் தொடர்கின்றன.

சட்டம் மெதுவாகப் பின்னால் வந்தது. 2000-த்தின் தகவல் தொழில்நுட்பச் சட்டத்தில் அடுத்தவர் அடையாளத்தைத் திருடுவதும், ஆள்மாறாட்டம் செய்து ஏமாற்றுவதும் 2008-ல் வந்த திருத்தத்தில்தான் தனிக் குற்றங்களாகச் சேர்ந்தன. அந்தரங்கம் அடிப்படை உரிமை என்று சுப்ரீம் கோர்ட் சொன்னது 2017 ஆகஸ்டில். 2023-ல் வந்த தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம், 18 வயசுக்குக் கீழ் உள்ளவர்களின் விவரத்தைக் கையாள பெற்றோர் சம்மதம் வேண்டும் என்கிறது. நல்லதுதான். ஆனால் பொண்ணு தானாகவே ஊருக்குக் காட்டும் விவரத்தைச் சட்டம் வந்து மறைக்காது.

நான் பார்ப்பது பேங்க் உத்தியோகம். எங்கள் ஃபாரத்தில் ஒரு கட்டம் காலியாக இருந்தால் திருப்பிக் கொடுத்துவிடுவோம். அதனாலோ என்னவோ, கட்டத்தைக் கண்டாலே நிரப்பும் பழக்கம் நமக்கு ஊறிவிட்டது :-) ஆனால் எங்களிடம் கொடுப்பதை ரகசியமாக வைத்திருக்க வேண்டிய கடமை பேங்குக்கு உண்டு. புரொஃபைலைப் பார்க்கும் அந்நியனுக்கு அப்படி ஒரு கடமையும் கிடையாது.

இன்னொன்று. ஆன்லைனில் கார்டு உபயோகிக்கக் கூடுதல் சரிபார்ப்பு கட்டாயம் என்று 2009 ஆகஸ்டிலிருந்து ரிசர்வ் வங்கி வைத்தது. கார்டு நம்பர் மட்டும் கிடைத்தால் போதாது என்று ஆனதும், மோசடிக்காரர்கள் ஆளையே ஏமாற்றிப் பேச ஆரம்பித்தார்கள். பேர், பிறந்த தேதி, படிக்கும் காலேஜ் எல்லாம் சரியாகச் சொல்லிவிட்டு ஓடிபி கேட்டால், "இவ்வளவு தெரிஞ்சு வெச்சிருக்காரே, பேங்க் ஆளாத்தான் இருக்கும்" என்று நம்பிவிடுகிறோம். காமர்ஸ் படித்தவன் பாஷையில் சொன்னால், அந்தத் தொழிலுக்கு முதல் போடுவதே நாம்தான்.

பிள்ளைகளுக்கு எப்படிச் சொல்வது? ஒரு ஞாயிற்றுக்கிழமை பக்கத்தில் உட்காருங்கள். அவர்கள் புரொஃபைலை முன்பின் தெரியாத ஒருத்தன் பார்த்தால் என்னென்ன தெரியும் என்று ஒரு தாளில் அவர்களையே எழுதச் சொல்லுங்கள். யூனிஃபார்மில் பள்ளிக்கூடத்தின் பேர், போட்டோவின் பின்னால் செம்பூர் பில்டிங்கின் பேர்ப்பலகை, கேக் படத்தில் பிறந்த தேதி... அவர்களே அசந்துபோவார்கள். பிறகு ஒவ்வொரு கட்டத்துக்கும் நாலு கேள்வி: யார் கேட்கிறார்? எதற்கு? வேறு யார் பார்ப்பார்கள்? கொடுக்காவிட்டால் என்ன நஷ்டம்? கடைசிக் கேள்விக்குப் பெரும்பாலும் "ஒண்ணுமில்லை" என்றுதான் பதில் வரும்.

முக்கியமாக, ஏதாவது தவறாக நடந்தால் நம்மிடம் சொல்ல அவர்களுக்குப் பயம் இருக்கக்கூடாது. திட்டு விழும் என்று தெரிந்தால் எந்தப் பிள்ளை வாயைத் திறக்கும்? பணம் போயிருந்தால் உடனே 1930-க்கு போன் செய்ய வேண்டும். தாமதிக்கிற ஒவ்வொரு நிமிஷமும் திருடனுக்கு லாபம்.

பெரியவர்களுக்கும் ஒரு வார்த்தை. பொண்ணோட மார்க் ஷீட்டை ரோல் நம்பரோடு குடும்ப வாட்ஸ்அப் குரூப்பில் போடுவதற்கு முன்னால் அவளிடம் கேளுங்கள். "போடாதீங்கப்பா" என்று சொன்னால் கோபப்படாதீர்கள். பாடம் அவளுக்குப் புரிந்துவிட்டது என்று அர்த்தம்.